பதினாலே முக்கால்

ஓய்வு பெறுவதற்கு முந்தைய சில வருடங்கள் கர்நாடகத்தோடு நடந்த காவிரி வழக்குக்குத் தமிழ்நாட்டுத் தரப்பில் புள்ளிவிவரம் எடுத்துக் கொடுக்கும் பிரிவில் இருந்தேன். பொறியாளர் என்று பெயர். பார்த்தது பாதி குமாஸ்தா வேலை. காவிரி தமிழ்நாட்டுக்குள் நுழைகிற எல்லையில் இருக்கிற பிலிகுண்டுலுவில் மத்திய நீர்வள ஆணையம் தினமும் அளக்கிற கன அடிக் கணக்கை வாங்கி, டிஎம்சியாக மாற்றி, வழக்கறிஞர்களுக்கு அட்டவணை போட வேண்டும்.

முதல் தடவை தில்லி போனபோது மூத்த வழக்கறிஞர் ஒருவர், "ஒரு டிஎம்சின்னா எவ்வளவு தண்ணி சார்?" என்று கேட்டார். நூறு கோடி கன அடி என்றேன். பேசாமல் இருந்தார். விநாடிக்கு 11,574 கன அடி வீதம் ஒரு நாள் முழுக்க ஓடினால் ஒரு டிஎம்சி என்று சொன்ன பிறகுதான் பேனாவைத் திறந்தார். அதிலிருந்து எந்த அட்டவணை போட்டாலும் அந்த எண்ணைத் தலைப்பிலேயே எழுதிவிடுவேன்.

நீதிமன்ற வராந்தாவில் கர்நாடகத் தரப்புப் பொறியாளரையும் அடிக்கடி பார்ப்பேன். கர்நாடகத்தின் கேஆர்எஸ் அணையில் நீர்மட்டம் எத்தனை அடி என்று நான் கேட்பேன், மேட்டூரில் எத்தனை என்று அவர் கேட்பார். இரண்டு பேருக்கும் பதில் காலையிலேயே தெரிந்திருக்கும்.

2018 பிப்ரவரி 16 அன்று உச்ச நீதிமன்றத் தீர்ப்பு வந்தது. கர்நாடகம் வருடத்துக்கு நமக்கு விட வேண்டும் என்று 2007இல் நடுவர் மன்றம் சொன்ன 192 டிஎம்சி, 177.25 ஆகக் குறைந்தது. அலுவலகம் முழுக்க, கைவிட்டுப் போன அந்தப் பதினாலே முக்கால் டிஎம்சியைப் பற்றித்தான் பேச்சு. எனக்கென்னவோ வருட மொத்தத்தைவிட மாதக் கணக்குதான் உறுத்தியது. ஜூனில் 9.19, ஜூலையில் 31.24, ஆகஸ்டில் 45.95 டிஎம்சி வர வேண்டும். குறுவைக்கு மேட்டூர் திறக்கிற நாள் ஜூன் 12. ஜூனில் வராதது ஆகஸ்டில் வெள்ளமாக வந்தால் மொத்தம் சரியாகிவிடும். நாற்றங்காலுக்கு அந்தக் கணக்கு தெரியாது. மழை பொய்த்த வருடத்தில் பற்றாக்குறையை விகிதப்படி பகிர வேண்டும் என்பது சரி, பற்றாக்குறை எவ்வளவு என்பதிலேயே இரு தரப்பும் மோதும்.

அந்த வருட ஆகஸ்டில் மேட்டூர் தளும்பியது. 93.47 டிஎம்சிக்கு மேல் அதில் நிறுத்த முடியாது. மிச்சம் கொள்ளிடம் வழியாகக் கடலுக்குப் போனது. 22ஆம் தேதி இரவு திருச்சிக்குப் பக்கத்தில் முக்கொம்பு மேலணையில் மதகுகள் சிலவற்றை வெள்ளம் அடித்துக்கொண்டு போனது.

மறுநாள் காலை வழக்கம்போல பிலிகுண்டுலு கணக்கை வாங்கினேன். 'கூடுதல் வரத்து' என்ற பத்தியில் எழுதினேன்.