மட்டக்களப்பில் ஒரு பழைய பதிவேடு

ஊர் திரும்பி இன்னும் துணிகூடத் துவைக்கவில்லை. ஆனாலும் இதை இப்போதே எழுதிவிட வேண்டும். மட்டக்களப்புப் பக்கம் ஒரு மெதடிஸ்த (ஜான் வெஸ்லி தொடங்கிய கிறிஸ்தவப் பிரிவு) ஆலயத்தில், நூறு வருஷத்துக்கும் பழைய ஞானஸ்நானப் பதிவேட்டைப் புரட்டிப் பார்த்துவிட்டு வந்திருக்கிறேன்.

முதலில் பஸ்ஸைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன், வயிற்றெரிச்சல் அடங்கட்டும். கொழும்பிலிருந்து இரவு ரயிலில் இடம் கிடைக்கவில்லை. 'சொகுசு' என்று டிக்கெட் விற்ற ஒரு தனியார் பஸ்ஸில் ஏறினேன். சீட் சாயவில்லை, ஏசியைக் குறைக்கச் சொன்னால் கேட்க ஆளில்லை, பொலன்னறுவை தாண்டும்வரை ஸ்பீக்கர் அலறியது. விடியற்காலையில் நகருக்குள் போகாமல் ஏதோ ஒரு சந்தியில் இறக்கிவிட்டுப் போய்விட்டார்கள். அங்கே நின்ற ஒரே ஆட்டோக்காரர் நகர மையமான புளியந்தீவுக்கு 1,500 ரூபாய் கேட்டார். பேசிப் பேசி 1,000க்கு இறங்கினார். மறுநாள் கிட்டத்தட்ட அதே தூரத்துக்கு வேறொருவர் 400தான் வாங்கினார். இலங்கை ரூபாய்தானே என்று விட முடியாது. கணக்குப் பார்த்துச் செலவு செய்கிறவனுக்கு அது இரண்டு வேளைச் சாப்பாடு.

அந்தக் கோபத்தை ஆற்றியது ஒரு சின்னக் கடை. சுடச்சுடக் குழல்புட்டு, மீன் குழம்பு, கூனி இறால் சம்பல், கடைசியில் சட்டியிலிருந்து வெட்டி எடுத்த எருமைத் தயிரும் கித்துள் பாணியும் (ஒருவகைப் பனைப் பாகு). போதும் என்று கையைக் காட்டினால் கடைக்கார அம்மா விடவில்லை. "வடிவாச் சாப்பிடு மனே, இன்னும் ஒரு துண்டு வைக்கிறன்" என்று வைத்துவிட்டுத்தான் போனார். மட்டக்களப்புத் தயிரைச் சாப்பிட்ட பிறகு சென்னையில் கிடைக்கிற எதையும் தயிர் என்று சொல்ல எனக்கு மனசு வராது.

சரி, வந்த விஷயம். நான் சென்னை ராயப்பேட்டை வெஸ்லி ஆலயத்தில் வளர்ந்தவன். எங்கள் சபையின் கதையைத் தோண்டிக்கொண்டு போனால் அது இலங்கையில் போய் நிற்கிறது. 1813 கடைசியில் தாமஸ் கோக் என்ற முதிய போதகர் ஒரு சிறு மிஷனரிக் குழுவோடு இங்கிலாந்திலிருந்து கப்பலேறினார். 1814 மே மாதம் இந்தியப் பெருங்கடலில் அவர் இறந்துபோக, உடலைக் கடலிலேயே அடக்கம் செய்தார்கள். மற்றவர்களில் ஐந்து பேர் ஜூன் கடைசியில் தென்னிலங்கைத் துறைமுகமான காலியில் இறங்கி, கூடிப் பேசி, ஊர்களைப் பிரித்துக்கொண்டார்கள். ஜேம்ஸ் லிஞ்சும் ஸ்குவான்ஸும் யாழ்ப்பாணத்துக்கு, வில்லியம் ஓல்ட் தனியாக மட்டக்களப்புக்கு. அந்த லிஞ்ச்தான் 1817இல் மதராஸுக்கு வந்தவர். 1819இல் ராயப்பேட்டையில் ஆலயம் எழும்பியது.

ஓல்ட்டின் கதை மனசைப் பிசைகிறது. அவருடைய மனைவி கப்பலிலேயே இறந்துவிட்டார். மட்டக்களப்பில் எட்டு மாதம் போல வேலை செய்து, பள்ளிக்கூடங்களைத் தொடங்கி, 1815 ஏப்ரலில் அவரும் போய்ச் சேர்ந்தார். மெதடிஸ்த மத்திய கல்லூரி இன்றும் 1814ஐத்தான் தன் தொடக்க ஆண்டாகச் சொல்கிறது. வாவிக் கரையில், அவர் வந்திறங்கிய இடம் என்று சொல்லும் வாயில் பக்கம், அவருக்குச் சிலை இருக்கிறது. கோட்டை, பாலம், மற்றதெல்லாம் எல்லாரும் எழுதியாயிற்று, விட்டுவிடுகிறேன்.

பதிவேட்டுக்கு வருகிறேன். முன்கூட்டியே எழுதிக் கேட்டிருந்ததால் குருவானவர் அலமாரியைத் திறந்து, மேசை மேல் வெள்ளைத் துணி விரித்து வைத்தார். தோல் முதுகு உரிந்த பெரிய புத்தகம். குழந்தையின் பெயர், பெற்றோர், தகப்பனின் தொழில், ஊர், ஞானஸ்நானம் கொடுத்தவர் என்று கட்டம் கட்டமாக இருக்கிறது. கறுப்பு மை பழுப்பாகி, அழுத்தி எழுதிய இடங்களில் தாளையே தின்றிருக்கிறது. ஓரமெல்லாம் இராமபாணப் பூச்சி போட்ட ஓட்டை. ஒரு வரியில் தகப்பனுக்குச் சைவப் பெயர், பிள்ளைக்கு வேதாகமப் பெயர். தொழில் என்ற இடத்தில் ஒரே சொல்: மீன்பிடி.

எனக்குத் தொண்டை அடைத்துவிட்டது. மிஷனரிகள் எழுதிய கடிதங்கள் லண்டனில் சோவாஸ் (SOAS) பல்கலைக்கழக நூலகத்தில் பத்திரமாக இருக்கின்றன. வெஸ்லியின் காகிதங்கள் மான்செஸ்டரில் இருக்கின்றன. அவற்றைப் பார்க்க விசாவுக்கும் விமானத்துக்கும் எனக்கு வழியில்லை என்பது வேறு விஷயம். ஆனால் அந்தக் கடிதங்களில் பெரும்பாலும் பேசுவது மிஷனரிதான். இந்த மீன்பிடிக்காரர் தன் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு வந்து நின்றதற்கு இந்த ஒரு வரியைத் தவிர வேறு சாட்சி இருக்கும் என்று எனக்குத் தோன்றவில்லை.

மெதடிஸ்தர்கள் ஆதியிலிருந்தே எழுதி வைக்கும் பழக்கம் உள்ளவர்கள். 1742இல் பிரிஸ்டலில் ஆலயக் கடனை அடைக்க, சபையாரில் பன்னிரண்டு பேருக்கு ஒரு குழு (அதை 'வகுப்பு' என்பார்கள்), ஆளுக்கு வாரம் ஒரு பென்னி என்று ஆரம்பித்தார்கள். காசு வாங்கினால் பெயர் எழுதியாக வேண்டும். அப்புறம், இங்கே குருமார் ஒரே ஊரில் நிலைப்பதில்லை, மாற்றலாகிப் போய்க்கொண்டே இருப்பார்கள். சபையை அறிந்த குரு போய்விடுவார், பதிவேடு மட்டும் சேகரத்திலேயே (ஒரு குருவின் பொறுப்பில் உள்ள சபைகளின் தொகுதி) இருக்கும். அதனால்தான் அது தொலைந்தால் சபையின் ஞாபகமே தொலைந்த மாதிரி. கிழக்கு மாகாணம் 1978 நவம்பர் சூறாவளியைப் பார்த்தது, 2004 சுனாமியைப் பார்த்தது, கால் நூற்றாண்டுக்கு மேல் போரையும் பார்த்தது. இத்தனைக்கும் தப்பிய புத்தகத்தை உப்புக்காற்றும் பூச்சியும் தின்ன விடுவது அநியாயம்.

என் அபிப்பிராயத்தை ஒளிக்காமல் சொல்கிறேன். ஆண்டு விழாவுக்கு வளைவு கட்டுகிற காசில் கால்வாசி இருந்தால் ஒரு சேகரத்தின் பதிவேடுகள் முழுவதையும் படமெடுத்துவிடலாம். 'நூலகம்' என்ற பெயருள்ள நிறுவனம் ஈழத்து நூல்களையும் இதழ்களையும் ஸ்கேன் செய்து இணையத்தில் இலவசமாகப் போட்டு வருகிறது. அப்படி ஒரு முன்மாதிரி கண்ணெதிரே இருக்கும்போது சபைகள் தயங்கக் காரணமே இல்லை. தமிழ்நாட்டிலும் இதே நிலைதான். 1947இல் எங்கள் சபைகள் தென்னிந்தியத் திருச்சபையில் சேர்ந்த பிறகு பழைய வெஸ்லியன் புத்தகங்களைத் தேடிப் போய்க் கேட்கிறவர்கள் குறைவு.

போகிறவர்களுக்குச் சில விவரம். சேகரத்துக்குப் பொறுப்பான முகாமைக்குருவுக்கு முன்பே எழுதிக் கேளுங்கள், திடீரென்று போய் நிற்காதீர்கள். வார நாளில் போங்கள், ஞாயிறு ஆராதனைக்கு வருகிற கூட்டத்தில் யாருக்கும் அலமாரி திறக்க நேரம் இருக்காது. குடும்பப் பெயர், ஊர், ஏறத்தாழ எந்த வருஷம் என்பதை எழுதி எடுத்துப் போங்கள். கை கழுவித் துடைத்துவிட்டுத் தாளைத் தொடுங்கள், ஃபிளாஷ் போடாதீர்கள், காணிக்கைப் பெட்டியில் முடிந்ததைப் போடுங்கள். தங்குவதற்குப் புளியந்தீவிலேயே சாதாரண அறை பார்த்துக்கொண்டால் ஆலயம், கல்லூரி, சிலை எல்லாம் நடந்தே பார்க்கலாம், ஆட்டோ செலவு மிச்சம். பணம் சேர்ந்ததும் அடுத்து யாழ்ப்பாணப் பக்கம் பருத்தித்துறை போகிறேன். அந்தப் பக்கத்துச் சபைகளில் பதிவேடு பார்த்தவர்கள் யாராவது இருந்தால் யாருக்கு எழுத வேண்டும் என்று சொல்லுங்கள்.