நாழிகைக் கொல்லர் உருவான விதம்

நான் எழுதிவரும் மாயப்புனைவு நாவலில் காலத்தை வைத்து வேலை செய்கிற ஒரு கைவினைஞர் வருகிறார். மந்திரக்கோல் வைத்திருப்பவர் இல்லை. பட்டறை, உலை, சுத்தியல் என்று வாழ்கிற ஒரு கிழவி. அந்த நாட்டில் எல்லாரும் அவரை ஆச்சி என்றுதான் கூப்பிடுவார்கள். அவரை வாசகர் நம்பும்படி எழுத என்னென்ன செய்ய வேண்டியிருந்தது என்று சொல்கிறேன். இதே வகையில் எழுத நினைப்பவர்களுக்கு உதவலாம்.

முதல் வேலை, மந்திரத்துக்கு எல்லை போடுவது. காலத்தை நிறுத்தலாம், பின்னால் திருப்பலாம் என்றெல்லாம் கொடுத்துவிட்டால் கதையில் எந்த ஆபத்தும் ஆபத்தாக இருக்காது. யார் செத்தாலும், "ஆச்சியிடம் போய்க் கேட்டால் போச்சு" என்று ஆகிவிடும். அதனால் அவருக்கு ஒரே ஒரு வித்தைதான். ஒருவருடைய ஆயுளிலிருந்து ஒரு நாழிகையை எடுத்து இன்னொருவருக்குக் கொடுப்பார். புதிதாக ஒரு நொடியைக்கூட உண்டாக்க அவரால் முடியாது.

சரி, எதில் எடுப்பார்? பல்சக்கரங்களும் ஊசலும் எனக்கு ஒட்டவில்லை. நம்மிடம் நாழிகை வட்டில் இருக்கிறதே! அடியில் மெல்லிய துளையிட்ட ஒரு கிண்ணம். தண்ணீரில் மிதக்க விட்டால் துளை வழியாக நீர் ஏறி, நிறைந்து, மூழ்கும். மூழ்கினால் ஒரு நாழிகை, அதாவது 24 நிமிடம். 60 நாழிகை ஒரு நாள். இதற்கு மேல் ஒரு மந்திரக் கருவியை நான் யோசித்துக் கண்டுபிடிக்க வேண்டுமா என்ன?

அப்புறம் நேரமெல்லாம் அந்தத் துளையில்தான் போயிற்று. துளை சரியாக இல்லாவிட்டால் கிண்ணம் வெறும் கிண்ணம். அர்த்தசாஸ்திரத்தில் நீர்க்கடிகாரக் குடத்தின் துளைக்கு ஓர் அளவு வருகிறது: நான்கு மாஷம் எடையுள்ள பொன்னை நான்கு விரற்கடை நீளத்துக்குக் கம்பியாக இழுத்தால் என்ன தடிமன் வருமோ, அதுதான் துளையின் அகலம். படித்ததும் எனக்குச் சிலிர்த்துவிட்டது. எடையும் நீளமும் தெரிந்தால் போதும், எந்த ஊரிலும் அதே துளையைப் போடலாம். ஆச்சியின் பட்டறைக் காட்சி முழுவதும் இதிலிருந்துதான் வந்தது. அவர் கம்பியை இழுக்கிறார், நிறுக்கிறார், விரலால் அளக்கிறார், திருப்தியில்லாமல் மறுபடி உருக்குகிறார். மந்திரச் சொல் எதுவும் அவர் வாயில் வருவதில்லை.

பொருளின் குணங்களும் கதைக்குக் கை கொடுத்தன. தண்ணீர் சூடானால் இளகி வேகமாக ஓடும். கிண்ணம் சீக்கிரம் மூழ்கிவிடும். ஆகவே கோடையில் ஆச்சியிடம் வாங்கிய நாழிகை கொஞ்சம் குறைவாக இருக்கும் என்று ஊரில் பேச்சு. செம்பில் களிம்பு ஏறித் துளை அடைத்தால் எடுக்கிற காலம் கூடிப்போகும், கொடுத்தவருக்கு நட்டம். தினமும் துளையைத் துடைப்பதுதான் சீடர்களுக்கு முதல் பாடம்.

விதிகள் சரியாக வேலை செய்கின்றனவா என்று ஒரு காட்சி எழுதிப் பார்த்தேன். தாய் சாகக் கிடக்கிறாள். மகன் ஓடி வருகிறான்.

"ஆச்சி, எங்க அம்மாவுக்கு ஒரே ஒரு நாழிகை வேணும். தம்பி வந்து சேர்ற வரைக்கும்."

"தர்றேன்யா. யாருகிட்ட இருந்து எடுக்கட்டும்?"

அவன் தன்னையே காட்டுகிறான். அவனுக்கு மிச்சம் எவ்வளவு இருக்கிறது என்பது ஆச்சிக்குத் தெரியும். அவன் கேட்டால் மறைக்காமல் சொல்லவும் வேண்டும். முல்லைப்பாட்டில் பாசறையில் பொழுதை அளந்து அரசனுக்குச் சொல்கிறவர்களைப் 'பொய்யா மாக்கள்' என்று சொல்லியிருக்கிறது. அதையே ஆச்சியின் தொழில் தர்மமாக வைத்துக்கொண்டேன். காலத்தை அளப்பவர் பொய் சொல்லக் கூடாது. இந்தக் காட்சியை எழுதி முடித்தபோதுதான் ஆச்சி எனக்கே உயிருள்ளவராகத் தெரிந்தார்.

கடைசியாக, அவருடைய புகழ். ஒருவர் எப்படிப் பழங்கதை ஆகிறார் என்பதற்கு ஜான் ஹாரிசனை நினைத்துக்கொண்டேன். தச்சராக இருந்து, கடலில் நேரம் தவறாத கடிகாரம் செய்யத் துணிந்தவர். முதல் கடிகாரம் 1735இல் முடிந்தது. போதாது என்று அடுத்தடுத்துச் செய்து, நான்காவதை 1759இல் முடித்தார். ஆற்றலைவிட அந்த விடாப்பிடிதான் என்னைக் கவர்ந்தது. ஆச்சியும் தன் பழைய கிண்ணங்களைத் தானே உடைக்கிறவர்.

அவரைப் பற்றி ஊருக்கு ஊர் வேறு வேறு கதை. மலைநாட்டில் அவருக்குச் சாவே இல்லை என்பார்கள். துறைமுகத்தில், அவர் இறந்து தலைமுறைகள் ஆயிற்று, இப்போது இருப்பது பேத்தி என்பார்கள். தன் ஆயுள் முழுவதையும் எப்போதோ கொடுத்துவிட்டு, மற்றவர்கள் மனமுவந்து தருகிற நாழிகைகளில் வாழ்கிறார் என்று சீடர்கள் நம்புகிறார்கள். மூன்றையும் நாவலில் அப்படியே விட்டிருக்கிறேன்.