சின்ன வெள்ளை மாத்திரை

2023 டிசம்பர் 17, 18 தேதிகளில் பெய்த மழையைத் தாமிரபரணிக் கரையில் யாரும் மறந்திருக்க மாட்டார்கள். காயல்பட்டினத்தில் மட்டும் ஒரே நாளில் 95 சென்டிமீட்டர். பாளையங்கோட்டையில் மருந்துக்கடை வைத்திருக்கும் நான், தண்ணீர் வடிந்ததும் ரெண்டு டாக்டர்கள், ஒரு நர்ஸ் அக்காவோடு ஸ்ரீவைகுண்டத்துக்குக் கிழக்கே ஓர் ஆற்றங்கரை ஊருக்குப் போனேன். பள்ளிக்கூடத் திண்ணையில் முகாம்.

பெட்டி கட்டியது நான்தான். வயிற்றுப்போக்குக்கு ஓ.ஆர்.எஸ். பொட்டலம், சேற்றுப்புண்ணுக்குக் களிம்பு, காயம்பட்டவர்களுக்கு ரண ஜன்னி வராமலிருக்க டி.டி. ஊசி, எலிக்காய்ச்சல் வராமலிருக்க டாக்ஸிசைக்ளின் என்று வெள்ளத்துக்கு உரியதையெல்லாம் நிறைய வைத்திருந்தேன். அவை வீண்போகவில்லை. வெள்ளத்தில் நடந்த பெரியவர்களுக்கு டாக்ஸிசைக்ளின் வாரம் ஒருமுறை 200 மில்லிகிராம். வெறும் வயிற்றில் போட்டால் குமட்டும் என்பதால், அதைக் கொடுக்கும் முன்னே பக்கத்துச் சமையல் பந்தியில் ஒரு வாய் சாப்பிட வைத்தோம். கர்ப்பிணிகளுக்கும் சின்னப் பிள்ளைகளுக்கும் கொடுக்கவில்லை.

ஆனால் வரிசையில் நின்றவர்களில் பாதிப் பேர் கேட்டது வேறு. "எல்லாம் வெள்ளத்தோட போயிட்டுய்யா. பிரஷர் மாத்திரை போட்டு நாலு நாளாச்சு" என்றார் ஓர் ஆச்சி.

"என்ன மாத்திரை ஆச்சி?"

"வெள்ளையா, சின்னதா இருக்கும்."

என் பெட்டியில் சின்னதாக வெள்ளையாக இருந்த மாத்திரைகளே ஏழெட்டு வகை. சீட்டும் இல்லை, அட்டையும் இல்லை. டாக்டர் அழுத்தம் பார்த்தார், ஏறித்தான் இருந்தது. பேர் தெரியாத மாத்திரையை ஊகித்துக் கொடுக்க எனக்குக் கை வரவில்லை. அப்படியே கொடுப்பதென்றாலும், பிரஷர், சுகர் மாத்திரைகளை நான் எடுத்து வந்ததே கொஞ்சம். இத்தனை வருஷம் கடையில் இருந்துகொண்டு, ஊரில் எதற்கு அதிகம் வாங்குகிறார்கள் என்று தெரிந்தும் அதை யோசிக்காமல் வந்தது என் தப்பு.

பதினோரு மணி வாக்கில் ஒரு பெண் வந்தார். மக்களைத் தேடி மருத்துவம் திட்டத்தில் அந்த ஊர் வீடுகளுக்கு மாதாமாதம் மாத்திரை கொண்டு போய்க் கொடுப்பவர். அவர் வீட்டிலும் இடுப்பளவு தண்ணீர். அரிசி நனைந்திருக்கிறது, பிள்ளைகளின் புத்தகம் நனைந்திருக்கிறது. கணக்கு நோட்டை மட்டும் பாலித்தீன் பையில் சுற்றிப் பரணில் போட்டிருக்கிறார். என் பக்கத்தில் உட்கார்ந்து விரித்தார். "இந்த ஆச்சிக்கு பிரஷருக்கு அம்லோடிபின் அஞ்சு மில்லிகிராம், காலையில ஒண்ணு. சுகர் கெடையாது தம்பி." பேர், வீடு, மருந்து, அளவு எல்லாம் நீல மையில் இருந்தது. சில பக்கங்களில் ஓரம் மட்டும் ஈரம் வாங்கி எழுத்து படர்ந்திருந்தது. அதற்குப் பிறகு டாக்டர் நோட்டைப் பார்த்து, ஆளைப் பார்த்து, எழுதிக் கொடுத்தார். வரிசை ஓடத் தொடங்கியது.

வெளியூரிலிருந்து பெட்டியோடு போகும் எங்களைவிட அந்த ஊருக்கு வேண்டியவர் அவர்தான். முகாம் நடத்துகிறவர்கள் முதலில் தேடிப் போக வேண்டியது அப்படி ஒருவரைத்தான். எங்களுக்கு அது மதியம்தான் புரிந்தது.

இருந்த மாத்திரையை ஒரு வாரத்துக்கென்று பங்கிட்டோம். காலி அட்டையைத் தூரப் போடாதீர்கள் என்று ஒவ்வொருவரிடமும் சொன்னேன். அடுத்த ஞாயிறு அவர் நோட்டைப் பார்த்துப் பெட்டி கட்டிக்கொண்டு போனபோது, அந்த ஆச்சி முந்தியை அவிழ்த்து, மடங்கிய வெள்ளி அட்டையை என் மேசையில் வைத்தார்.