ரிப்போர்ட் வரும்வரை சின்யோரே

செப்டம்பர் 8

ரிப்போர்ட் கேட்டால் மறுபடியும் "அடுத்த வாரம், மதாம்".

செப்டம்பர் 9

தூக்கம் வரவில்லை. லைப்ரரியிலிருந்து எடுத்து வந்த டிவிடிகளில் 'லெ ஷா'வை (பூனை) எடுத்துப் போட்டேன். ராத்திரி ஒரு மணிக்குப் பார்க்கிற படமா அது? பிரெஞ்சு நடிகை சிமோன் சின்யோரேயும் நடிகர் ழான் கபேனும் படத்தில் புருஷன் பெண்டாட்டி. ஒரே வீட்டில் பேச்சுவார்த்தை இல்லாமல் இருக்கிறார்கள், ஏதாவது சொல்ல வேண்டுமென்றால் ஒரு துண்டுச் சீட்டில் எழுதிச் சுருட்டி அவள் மடியில் சுண்டி விடுகிறார் மனுஷன். வெளியே, பாரிஸை ஒட்டிய குர்பெவுவாவில் பழைய வீடுகளை எல்லாம் இடித்துத் தள்ளிக்கொண்டே இருக்கிறார்கள், அந்தச் சத்தம் படம் முழுக்க. கடைசியில் அவர் கொஞ்சுகிற பூனையை இவள் கொன்றுவிடுகிறாள், அதற்கப்புறம் சீட்டு மட்டும்தான்.

1971-இல் வந்த படம். கபேனுக்கு 67 வயது, அவளுக்கு 50. இரண்டு பேரையும் ஒரே வயதுக் கிழத் தம்பதியாக நடிக்க வைத்திருக்கிறார்கள், யாருக்கும் அது விநோதமாகப் படவில்லை. பெர்லின் விழாவில் இரண்டு பேருக்குமே வெள்ளிக் கரடி கொடுத்தார்கள். 50! எனக்கு மார்ச் வந்தால் அதே வயது.

செப்டம்பர் 11

சின்னவள் புதுச்சேரியிலிருந்து வீடியோ கால். "அக்கா, இன்னும் ஒண்ணும் சொல்லலையா?" இல்லை என்றேன். என்ன செய்துகொண்டிருக்கிறாய் என்று கேட்டாள், சின்யோரே படம் பார்க்கிறேன் என்று சொல்லி ஒரு போட்டோவைக் காட்டினேன். "ஐயோ, இந்த அம்மாவா? சின்ன வயசுல எவ்ளோ அழகா இருந்துச்சு, புருஷன் மர்லின் மன்றோவோட போனதுல மனசு ஒடஞ்சு குடிச்சுக் குடிச்சு இப்படி ஆயிடுச்சாம்."

இந்தக் கதையை எங்கே போனாலும் கேட்கிறேன். இங்கே வேலை செய்கிற இடத்திலும் இதையேதான் சொன்னார்கள். குடித்தாள், சிகரெட்டை விட்டதில்லை, சரி. ஆனால் ஒரு பொம்பளையின் முகம் மாறினால் உடனே அதற்கு ஒரு ஆம்பளைக் காரணம் கண்டுபிடித்துவிடுகிறார்கள். கபேன் முகம் சுருங்கியதற்கு யார் காரணமாம்? அதை யாரும் கேட்பதில்லை. சின்னவளிடம் இதைச் சொன்னேன், சிரித்துவிட்டு "முடிக்குத் தேங்காய் எண்ணெய் தேய்ச்சுக்கோ" என்று வைத்துவிட்டாள்.

முடியைப் பற்றி யாரும் பேசாமல் இருந்தால் நன்றாக இருக்கும்.

செப்டம்பர் 12

வலது பக்கம் கொஞ்சம் இழுக்கிறது. கையை மேலே தூக்கினால் மட்டும்.

செப்டம்பர் 14

சின்யோரேயின் நினைவுக்குறிப்புப் புத்தகத்தை எடுத்துப் படித்துக்கொண்டிருக்கிறேன், 1976-இல் எழுதியது. பிறந்தது ஜெர்மனியில், வீஸ்பாடனில், 1921 மார்ச் 25. முதல் உலகப்போர் முடிந்து பிரெஞ்சு ராணுவம் ரைன் பகுதியில் உட்கார்ந்திருந்த காலம். அப்பா அந்திரே கமின்கேர், போலந்து யூத வழி. மொழிபெயர்ப்பாளர், அதுவும் பேசப் பேச உடனே மாற்றிச் சொல்கிறவர். 1934-இல் நியூரம்பெர்க்கில் ஹிட்லர் பேசியதை பிரெஞ்சு வானொலிக்கு மாற்றிச் சொன்னவர் அவர்தான். ஒரு யூதரின் தொண்டை வழியாக அந்தப் பேச்சு பிரெஞ்சு வீடுகளுக்குள் போயிருக்கிறது. நேற்றிலிருந்து இதையே யோசித்துக்கொண்டிருக்கிறேன்.

1940-இல் ஜெர்மன்காரன் பிரான்ஸைப் பிடித்ததும் அப்பா லண்டனுக்கு, தளபதி தெ கோலிடம் போய்விட்டார். இங்கே அம்மாவும் இரண்டு தம்பிகளும். சம்பாதிக்க வேண்டியது இவள். கிடைத்த வேலை எங்கே தெரியுமா, ஜெர்மன்காரனுக்கு ஒத்து ஊதிய லூஷேரின் பத்திரிகையில், காரியதரிசியாக. லூஷேரின் மகள் பள்ளித் தோழி, அந்தப் பழக்கத்தில் கிடைத்தது. சாப்பாட்டுக்கு வழி அதுதான். போருக்கு அப்புறம் அந்த லூஷேரைச் சுட்டுக் கொன்றார்கள். புத்தகத்தில் இதை மூடி மறைக்கவே இல்லை அவள், பெருமையும் பட்டுக்கொள்ளவில்லை.

1941-இல் அதை விட்டுவிட்டு கஃபே தெ ஃப்ளோரில் உட்கார ஆரம்பித்தாள், அங்கே வந்த நடிகர்கள் எழுத்தாளர்களோடு பழகி, சினிமாவில் கூட்டத்தில் ஒருத்தியாக. அப்பா யூதர் என்பதால் முறையான அனுமதி அட்டைக்கு வழியில்லை, அதனால் வசனமே இல்லாத வேடங்கள்தான். கமின்கேர் என்ற பெயரை விட்டு அம்மாவின் பிறந்த வீட்டுப் பெயரான சின்யோரேவை வைத்துக்கொண்டதும் அப்போதுதான்.

தமாஷ் என்னவென்றால் 1954-இல் அமெரிக்காவில் யூனிஸ் வேமன் என்ற கறுப்பினப் பெண், மதுக்கடையில் பியானோ வாசிப்பது அம்மாவுக்குத் தெரியக்கூடாதென்று பெயரை மாற்றிக்கொண்டபோது, இவளிடமிருந்துதான் சிமோனை எடுத்துக்கொண்டாள். பாடகி நீனா சிமோன்.

செப்டம்பர் 17

'காஸ்க் தோர்'. 1952, ழாக் பெக்கேர் எடுத்த படம். 30 வயது அவளுக்கு, தலையில் பொன் கோபுரம் மாதிரி கொண்டை. பாரிஸில் ஓடவில்லையாம், லண்டன்காரர்கள்தான் தலையில் தூக்கி வைத்துக்கொண்டு விருது கொடுத்தார்கள். பிரிட்டிஷ் விருது மட்டுமே அப்புறம் இன்னும் இரண்டு.

கடைசிக் காட்சி. காதலனை கில்லட்டினுக்குக் கொண்டுவருகிறார்கள். அந்த முற்றம் தெரிகிற ஒரு அறையை வாடகைக்கு எடுத்து, விடியற்காலையில் மாடி ஏறிப் போய் ஜன்னலோரம் நிற்கிறாள். அழவில்லை. கத்தி விழுகிற நொடியில் தலை மட்டும் சட்டென்று கீழே தொங்குகிறது, அவ்வளவுதான். திருப்பித் திருப்பிப் பார்த்தேன். கழுத்து மட்டும்தான் நடிக்கிறது.

செப்டம்பர் 18

சோறு குழைந்துவிட்டது. இவர் ஒன்றும் சொல்லாமல் சாப்பிட்டார். அதுதான் பயமாக இருக்கிறது.

செப்டம்பர் 21

இன்று உடம்பு நன்றாக இருக்கிறது, ஞாயிற்றுக்கிழமை மாதிரி இருக்கிறது, ஆட்டுக்கறி வாங்க, நம் கடைகள் இருக்கிற லா ஷப்பேல் வரைக்கும் போய்விட்டு வந்தேன். மூன்று பேர் "மெலிஞ்சு அழகாயிட்டீங்க" என்றார்கள். சரி.

சாயங்காலம் 'ரூம் அட் தி டாப்'. இங்கிலாந்துப் படம், 1959. ஆலிஸ், கல்யாணமானவள், காதலிக்கிற பையனைவிட பத்து வயது பெரியவள். அவன் பணக்கார முதலாளியின் பெண்ணைக் கட்டிக்கொள்ள இவளை விட்டுவிடுகிறான், இவள் குடித்துவிட்டு கார் ஓட்டிச் சாகிறாள். சாவைக் காட்டுவதே இல்லை. ஆபீஸில் யாரோ பேசிக்கொள்வது அவன் காதில் விழுகிறது, ரொம்ப நேரம் தவழ்ந்துகொண்டிருந்தாளாம் என்று. அந்தப் படத்துக்கு கான் விருது, 1960 ஏப்ரலில் ஆஸ்கர். கம்யூனிஸ்ட் சகவாசம் என்று அமெரிக்க விசாவுக்கே அதுவரை ததிங்கிணத்தோம் போட்டுக்கொண்டிருந்தவர்கள் அவளும் புருஷன் மோந்தானும்.

அந்த மர்லின் கதை அப்போது நடந்ததுதான். பெவர்லி ஹில்ஸ் ஹோட்டலில் இரண்டு தம்பதிகளும் எதிரெதிர் பங்களா. சனிக்கிழமை ஆனால் ஒரு வயதான அம்மா வருவாளாம், ஒரு காலத்தில் ஹாலிவுட் நடிகை ழீன் ஹார்லோவின் தலைமுடியை வெளுத்துவிட்டவள். மர்லினுக்கும் இவளுக்கும் சமையலறையில் உட்கார்த்தி வைத்துச் சாயம் போடுவாள், மூன்று பேரும் பேசிக்கொண்டிருப்பார்கள். அப்புறம் இவள் இத்தாலிக்குப் படப்பிடிப்புக்குப் போய்விட்டாள், மோந்தான் அங்கேயே இருந்தார், மற்றதெல்லாம் உலகத்துக்கே தெரியும். புத்தகத்தில் மர்லினைப் பற்றி ஒரு கெட்ட வார்த்தை இல்லை. அவள் எழுதியதில் எனக்கு நிற்பது அந்தச் சமையலறையும் சாய வாடையும்தான்.

என்னால் அப்படி எழுத முடியுமா? முடியாது. ஒரு பக்கம் திட்டித் தீர்த்திருப்பேன்.

செப்டம்பர் 23

'லார்மே தேஸோம்ப்ர'. மெல்வில் எடுத்தது, 1969. ஜெர்மன்காரனை எதிர்த்த தலைமறைவு இயக்கத்தின் மத்தில்துவாக வருகிறாள். ஜெர்மன் நர்ஸ் வேஷத்தில் ஆம்புலன்ஸோடு சிறைக்குள்ளேயே போகிற தைரியம். ஆனால் மகளின் போட்டோவைப் பையிலிருந்து எடுத்துவிடு என்று சொன்னதை மட்டும் கேட்கவில்லை. பிடிபட்டதும் ஹிட்லரின் ரகசியப் போலீஸான கெஸ்டபோவுக்கு அந்தப் போட்டோ போதுமாக இருக்கிறது. கடைசியில் கூட இருந்தவர்களே காரிலிருந்து அவளைச் சுடுகிறார்கள். நடைபாதையில் நின்று, காரைப் பார்த்து, யார் என்று தெரிந்துகொள்கிறாள். கண்கள் அகலுகின்றன. அந்த முகத்தில் ஏற்கெனவே கனம் வந்துவிட்டிருக்கிறது, கன்னம் தொங்க ஆரம்பித்துவிட்டது. 'காஸ்க் தோர்' முகத்தை வைத்துக்கொண்டு இந்தக் காட்சி நடக்காது. மூடி மறைக்காமல் விட்டாளே என்று எல்லோரும் தைரியம் தைரியம் என்கிறார்கள். எனக்கென்னவோ அது தைரியம் மாதிரித் தெரியவில்லை. தொழில். அந்த முகத்துக்கு வேலை இருந்தது, செய்தாள்.

நான் பையிலிருந்து மகன் போட்டோவை எடுத்து மேசையில் வைத்தேன். மறுபடி உள்ளே வைத்தேன்.

செப்டம்பர் 24

போன் செய்தேன். ஒன்றை அழுத்து, இரண்டை அழுத்து, சங்கீதம். அப்புறம் ஒரு பெண். "டாக்டர் கையெழுத்துக்குக் காத்திருக்கிறது." அப்படியென்றால் ரிப்போர்ட் அங்கேதான் இருக்கிறது. யாரோ ஒருவருக்கு ஏற்கெனவே தெரியும். எனக்கு மட்டும் தெரியாது.

செப்டம்பர் 26

ஸ்கேனுக்குப் போய்விட்டுத் திரும்பும்போது போன் நெஃப் பாலத்தில் இறங்கிவிட்டேன். நான்காம் ஹென்றி சிலைக்கு எதிரே நுழைந்தால் ப்ளாஸ் தோஃபின். முக்கோணமாக ஒரு சதுக்கம், மண் தரை, மரங்கள், இரண்டு கிழவர்கள் இரும்புக் குண்டு உருட்டி விளையாடிக்கொண்டிருந்தார்கள். 15-ஆம் எண் வீட்டில்தான் அவர்கள் இருந்தது. பழைய புத்தகக் கடை, அதை வீடாக்கி 'வண்டி வீடு' என்று செல்லப்பெயர் வைத்திருந்தார்கள். எத்தனை கூட்டம், எத்தனை மனுக் கையெழுத்து இங்கே நடந்திருக்கும்! அல்ஜீரியப் போருக்கு எதிரான 121 பேர் அறிக்கையில் அவள் பெயரும் உண்டு. சாகிற வருஷம்கூட இனவெறிக்கு எதிரான அந்த மஞ்சள் கை பேட்ஜைக் குத்திக்கொண்டு டிவியில் வந்து உட்கார்ந்தாள். நம்மைப் போன்றவர்களுக்காகத்தான் அந்த பேட்ஜ். இதை மகனிடம் சொன்னால் "அப்படியா" என்பான்.

குளிர ஆரம்பித்துவிட்டது. காபி 4 யூரோ, அநியாயம்.

செப்டம்பர் 30

இன்றுதான் அவள் போன நாள். 1985. கணையத்தில் புற்றுநோய், 64 வயது. ஓதேயில், நார்மண்டி வீட்டில். மோந்தான் பக்கத்தில் இல்லை, தெற்கே ப்ரோவான்ஸில் 'ழான் தெ ஃப்ளோரெத்' படப்பிடிப்பில் இருந்தார். கடைசி வருஷங்களில் கண் கிட்டத்தட்ட போய்விட்டது. அப்படியும் நடித்தாள், அந்த வருஷமே தடியாக ஒரு நாவலையும் வெளியிட்டாள்.

பெர் லாஷேஸ் கல்லறைத் தோட்டத்தில் இரண்டு பேருக்கும் ஒரே கல்லறை. ஆறு வருஷம் கழித்து அவரும் வந்து படுத்தார். ஒரு பெண்ணுக்கு அப்பா மோந்தான்தான் என்று நடந்த வழக்கில், 1998-இல் கோர்ட்டு உத்தரவில் அவரைத் தோண்டி எடுத்து டிஎன்ஏ பார்த்தார்கள். இல்லை என்று வந்தது. செத்த பிறகும் பக்கத்தில் படுத்திருக்கிறவரை ஒரு ராத்திரி ரிப்போர்ட்டுக்காகக் கிளப்பிக்கொண்டு போயிருக்கிறார்கள். சிரிப்பு வந்துவிட்டது, இவர் என்னவென்று எட்டிப் பார்த்தார்.

அக்டோபர் 1

போன் வந்தது. நாளை காலை 9:40. வீட்டுக்காரரையும் அழைத்து வாருங்கள் என்றாள். ஏன்? மொழி புரியாதென்று நினைத்தாளா? 24 வருஷமாக இங்கேதான் இருக்கிறேன், அவளிடம் பிரெஞ்சில்தான் பேசினேன். அல்லது வேறு எதற்காவதா? எல்லோரையும் அப்படித்தான் சொல்வார்கள் என்கிறார் இவர். யாரைச் சொன்னார்கள், எப்போது சொன்னார்கள் என்று கேட்டேன், பதில் இல்லை. சின்னவளுக்குச் சொல்லவில்லை. மகனுக்கும்.

அக்டோபர் 2, விடியற்காலை

'மதாம் ரோசா'வைக் கடைசிக்கென்று வைத்திருந்தேன், போட்டுவிட்டேன். 1977, அவளுக்கு பிரான்ஸின் சேசார் விருது வாங்கித் தந்த படம், படத்துக்கும் ஆஸ்கர். பெல்வீலில் ஆறு மாடி, லிஃப்ட் கிடையாது. பருத்த உடம்பைத் தூக்கிக்கொண்டு ஏறுகிறாள், ஒவ்வொரு திருப்பத்திலும் நின்று கைப்பிடியைப் பிடித்துத் திட்டுகிறாள். பார்க்கிற எனக்கு மூச்சு வாங்கியது. இதற்குப் போய் "அழகு போச்சு" என்கிறார்களே! ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோகக் கூடாது என்று அவள் வளர்க்கிற பையனிடம் சத்தியம் வாங்குகிற இடம் வரப்போகிறது என்று தெரியும். பாதியில் நிறுத்தியிருக்கிறேன். இவர் எழுந்துவிட்டார், காபி போட வேண்டும்