பன்னிரண்டு வினாடி

எங்கள் கேமில் தரையில் வைத்த விளக்கு அணைவதற்கும் ஆள் சாய்வதற்கும் நடுவில் பன்னிரண்டு வினாடி போதும் என்று முடிவு செய்தவள் நான். குறைந்தது தொண்ணூறு வினாடியாவது வேண்டும் என்று கேட்டான், ஆட்டத்தின் கட்டங்களை வடிவமைக்கும் எங்கள் லெவல் டிசைனர். கேம் வெளியாகி, அதற்கு வந்த திட்டும் பாராட்டும் அடங்கிவிட்டன. அவனோடு நடந்த அந்தப் பேச்சு மட்டும் எனக்குள் அடங்க மறுக்கிறது.

கேமுக்காக நான் எழுதிய பேரழிவு, ஏரிமூச்சு, இதுதான். மலைக்கு மேலே ஓர் ஏரி. போன தடவை மாண்டவர்கள் அதன் அடியில் கிடக்கிறார்கள். அவர்களை நேரில் பார்த்திருந்த கடைசி மனிதர் கண்மூடுகிற ராத்திரி, ஏரி மறுபடி மூச்சு விடும். சத்தமே இருக்காது. வெள்ளையாகக் கரையைத் தாண்டி வழிந்து பள்ளம் பார்த்து இறங்கும். முதலில் தரை விளக்கு அணையும், அப்புறம் கட்டில் பக்கத்து விளக்கு, கடைசியில் மாடத்து விளக்கு. பரண் மேல் ஏறியவர்களுக்குத்தான் உயிர். ஏறியவர்களைக் கீழேயிருந்து பெயர் சொல்லிக் கூப்பிடும். உண்மையில் செத்தவர்கள் ஒருவரை ஒருவர் தேடித்தான் கூப்பிடுகிறார்கள். அந்த ஊரில் தாத்தா பெயரைப் பேரனுக்கு வைப்பது வழக்கம். அதனால் பேரன் தன்னைத்தான் என்று நினைத்து இறங்குகிறான். எழுதியதிலேயே எனக்கு ரொம்பப் பிடித்த இடம் இது, இன்றைக்கும்.

அவன் சொன்னது இவ்வளவுதான்: “அக்கா, பன்னிரண்டு வினாடியில என்ன நடக்குதுன்னே ஆடறவங்களுக்குப் புரியாது. ஆட்டத்தோட விதி தெரியாம சாகடிச்சா அது ஆபத்து இல்லக்கா, தண்டனை.”

“நியோஸ் ஏரிக்கரையில இருந்தவங்களுக்கு யாருப்பா விதி சொன்னாங்க?” என்று கேட்டேன்.

கேமரூன் நாட்டு நியோஸ் ஏரியைப் பற்றி அவனுக்குத் தெரியாது. நான் சொன்னேன். 1986 ஆகஸ்ட் 21, ராத்திரி. ஏரியின் அடியில் கரைந்து கிடந்த கார்பன் டை ஆக்சைடு ஒரே மூச்சாக வெளியேறியது. காற்றைவிட ஒன்றரை மடங்கு கனமான வாயு, அதனால் மேலே போகாமல் பள்ளத்தாக்குகளில் தவழ்ந்து இறங்கியது. ஏறத்தாழ 1,700 பேர் இறந்தார்கள். ஏரியிலிருந்து 25 கிலோமீட்டர் தள்ளி இருந்தவர்கள்கூடத் தப்பவில்லை. ஆடுமாடுகளும் ஆயிரக்கணக்கில் போயின.

அவன் கொஞ்ச நேரம் திரையையே பார்த்துக்கொண்டிருந்தான். “சரிக்கா” என்று பன்னிரண்டைப் போட்டுவிட்டான்.

அவன் என் வாதத்தை ஏற்றுக்கொண்டானா, இல்லை 1,700 பேரை மேஜையில் கொண்டுவந்து வைத்த பிறகு வினாடிக்கணக்கு பேசுவது அநாகரிகம் என்று வாயை மூடிக்கொண்டானா? எனக்கு வயது அதிகம், அனுபவமும் அதிகம். அதற்கு மேல் செத்தவர்களையும் துணைக்கு அழைத்துக்கொண்டேன். அவன் வேறு என்னதான் சொல்லியிருக்க முடியும்?

தண்டனை என்று அவன் சொன்னதற்கு என்னிடம் பதில் உண்டு. கடிகாரம் வைத்து வருகிற பேரழிவைக் கண்டு யாரும் பயப்படுவதில்லை. கணக்குப் போட்டு, மருந்து வாங்கி வைத்துக்கொண்டு காத்திருப்பார்கள். ஒரு தலைமுறைக்கு ஒரு முறை வருவதன் கொடுமையே வேறு. கேள்விப்பட்டவர்கள் எல்லோரும் இருப்பார்கள், பார்த்தவர் ஒருவர்கூட இருக்கமாட்டார். சோதனை ஆட்டத்தில் ஒரு பெண் ஆடியதன் பதிவைப் பார்த்தேன். விளக்கு அணைந்தது. குனிந்து ஏற்றினார். அணைந்தது. எண்ணெய் இருக்கிறதா என்று பார்த்தார், இருந்தது. திரியைத் தூண்டிவிட்டு மறுபடி ஏற்றக் குனிந்தார், அப்படியே சாய்ந்தார். மனிதர்கள் இப்படித்தானே செய்வார்கள், இதைத்தானே நான் எழுத நினைத்தேன் என்று உடம்பு சிலிர்த்தது. பக்கத்தில் நின்ற அவன் எதுவும் பேசவில்லை.

ஆனால் நியோஸின் கதை அந்த ராத்திரியோடு முடியவில்லை. அதற்கு முன்னால் 1984-லேயே அதே நாட்டில் மோனூன் ஏரிக்கரையில் 37 பேர் இப்படித்தான் இறந்திருந்தார்கள். நியோஸுக்குப் பிறகு விஞ்ஞானிகள் தேடிப் போனார்கள். ஆழத்துத் தண்ணீரின் அழுத்தம் வாயுவைப் பிடித்து வைத்திருக்கிறது, அடித்தண்ணீர் மேலே கிளம்பினால் சோடா பாட்டிலைத் திறந்ததுபோல் பொங்கிவிடும் என்று தெரிந்தது. 2001-இல் ஏரியின் ஆழம்வரை ஒரு குழாயை இறக்கினார்கள். முதலில் கொஞ்சம் பம்ப் செய்து விட்டால் போதும், அதன் பிறகு வாயு தன் வேகத்திலேயே தண்ணீரைத் தள்ளிக்கொண்டு நீரூற்றாக மேலே வரும். கொல்லக் காத்திருந்தது கொஞ்சம் கொஞ்சமாக வெளியேறியது.

ஆக, விதி இருந்தது. தேடினார்கள், கிடைத்தது. அவன் சொன்னதும் கிட்டத்தட்ட அதுதான்.

குழாய் விஷயம் அன்றைக்கே எனக்குத் தெரியும், நியோஸைப் பற்றி நான் படித்த அதே குறிப்பில்தான் இருந்தது. சொல்லவில்லை. அவன் கேட்டது குழாயைப் பற்றி இல்லையே என்று சமாதானம் சொல்லிக்கொள்கிறேன். 1986-இல் செத்தவர்களுக்கு 2001-இன் குழாயால் என்ன பயன் என்றும் சொல்லிக்கொள்கிறேன். இரண்டுமே சரிதான். முழுக் கதையையும் சொல்லியிருந்தால் அவன் “சரிக்கா” என்று சொல்லியிருப்பானா என்பதற்கு மட்டும் இந்தச் சமாதானங்களில் விடை இல்லை.

இப்போது அடுத்த பாகத்துக்கான பேச்சு நடக்கிறது. ஏரிமூச்சை நிறுத்த ஏதாவது வழி வேண்டும் என்கிறார்கள். அவன் வேறு குழுவுக்குப் போய்விட்டான், ஆனாலும் இதை அவனிடம்தான் கேட்க வேண்டும் என்று தோன்றுகிறது. குழாயை எழுதிவிடலாம், அது கஷ்டமே இல்லை. குழாய் வழியாக மூச்சோடு சேர்ந்து குரல்களும் கசியும், ராத்திரி பகல் பார்க்காமல், வருஷக்கணக்காக. செத்தவர்கள் கூப்பிட்டுக்கொண்டே இருக்க, அதே பெயர் வைத்த பிள்ளைகள் அந்த ஊரில் வளர வேண்டும். அந்த ஊர்க்காரர்கள் குழாய்க்குச் சம்மதிப்பார்களா, அவர்களிடம் கேட்காமலே ஆடுகிறவர் அதை இறக்கிவிடலாமா?