ஆவணப்பட வைவாவுக்கு ஒரே இயக்குநர் போதும்

விஸ்காம் (காட்சித் தொடர்பியல்) இறுதியாண்டில் ஆவணப்படத் தாளுக்கும் அதன் வைவாவுக்கும், அதாவது வாய்மொழித் தேர்வுக்கும், படிக்கிறவர்கள் என்னிடம் கேட்கும்போது நான் சொல்வது இதுதான்: நோட்ஸில் உள்ள பத்து இயக்குநர்களை மனப்பாடம் செய்ய வேண்டாம். ஒருவரை எடுத்துக்கொண்டு, அவருடைய படங்களை வெளிவந்த ஆண்டு வரிசையில் பாருங்கள். நான் எடுத்துக்கொண்டது ஆனந்த் பட்வர்தனை. 1970களிலிருந்து எந்த நிறுவனத்திலும் சேராமல் படம் எடுக்கிறவர். பல படங்களில் கேமராவும் எடிட்டிங்கும் அவரே.

வரிசையாகப் பார்த்ததால் எனக்குப் பிடிபட்ட ஒரு விஷயம். பம்பாய்க் குடிசைகளை இடித்துத் தள்ளியதைப் பற்றிய 'ஹமாரா ஷஹர்' 1985-இல் வந்தது. அதில் விலாஸ் கோக்ரே என்ற தலித் பாடகர் பாடுவார். 1997 ஜூலையில் பம்பாயின் ரமாபாய் நகரில் அம்பேத்கர் சிலைக்குச் செருப்பு மாலை போட்டிருந்தார்கள். எதிர்த்துத் திரண்ட மக்கள் மீது போலீஸ் சுட்டதில் 10 பேர் இறந்தார்கள். அடுத்த சில நாட்களில் கோக்ரே தற்கொலை செய்துகொண்டார். அங்கிருந்து தொடங்கி 14 ஆண்டுகள் படம்பிடித்து, 2011-இல் 'ஜெய் பீம் காம்ரேட்'டை முடித்தார் பட்வர்தன். பிந்திய படத்தை மட்டும் பார்க்கிறவருக்கு கோக்ரே ஒரு செய்தி. முந்தையதையும் பார்த்தவருக்கு அவர் தெரிந்த குரல். இயக்குநருக்கும் அப்படித்தான் இருந்திருக்கும். அந்த 14 ஆண்டுப் பொறுமை எங்கிருந்து வந்தது என்று எந்தப் பாடப்புத்தகமும் எனக்கு இவ்வளவு தெளிவாகச் சொன்னதில்லை.

'ஹமாரா ஷஹர்' பார்க்கும்போது இன்னொன்றையும் குறித்துக்கொள்ளுங்கள். குடிசையை இழந்த ஒரு பெண், ஏழைகளைப் படமெடுத்துப் பேர் வாங்கத்தானே வந்தீர்கள் என்கிற மாதிரி படக்குழுவையே பிடித்து உலுக்குவார். பட்வர்தன் அதை வெட்டவில்லை. ஆவணப்பட அறம் பற்றிப் பத்து மார்க் கேள்வி வந்தால் இந்த ஒரு காட்சியை வைத்தே எழுதலாம். விளக்கம் அதிகம் தேவைப்படாது.

பார்க்கும்போது நோட்டில் கோடு போட்டு மூன்று பத்தியாகப் பிரித்துக்கொள்வேன்: யார் பேசுகிறார், கேள்வி கேட்கும் குரல் கேட்கிறதா, பதில் முடிந்த பிறகும் ஷாட் எவ்வளவு நேரம் நிற்கிறது. மூன்றாவதுதான் முக்கியம். பேசி முடித்தவர் முகத்தில் அதற்கப்புறம்தான் நிறைய நடக்கும்.

அப்புறம், தணிக்கை பற்றிய பகுதியைப் படங்களோடு சேர்த்தே படியுங்கள். 1998 அணுகுண்டு சோதனைகளைத் தொட்டு அவர் எடுத்த 'வார் அண்ட் பீஸ்' படத்துக்குத் தணிக்கை வாரியம் வெட்டுகள் கேட்டது. அவர் ஒப்புக்கொள்ளவில்லை, 2003-இல் பம்பாய் உயர்நீதிமன்றம் ஒரு வெட்டும் இல்லாமல் வெளியிட வழிவிட்டது. தூர்தர்ஷனில் படம் ஒளிபரப்பாகவும் பலமுறை நீதிமன்றம் ஏறியவர். அரசியலமைப்பில் கருத்துச் சுதந்திரத்தைத் தரும் பிரிவு 19(1)(அ)-வை 'வார் அண்ட் பீஸ்' வழக்கோடு சேர்த்து எழுதினால் விடை கனமாக இருக்கும். என் வைவாவில் பாதி நேரம் இதைப் பற்றித்தான் பேச்சு ஓடியது.