முன்னே செல்பவற்றுக்கு வழிவிடும் ஊர்

ஓல்ட் க்ரோவுக்குச் சாலை கிடையாது. கனடாவின் யூகான் பகுதியில், ஆர்க்டிக் வட்டத்துக்கும் வடக்கே, போர்க்குபைன் ஆற்றங்கரையில் சுமார் 250 பேர் வாழும் இந்தக் குவிச்சின் பழங்குடிச் சிற்றூருக்கு, ஒயிட்ஹார்ஸிலிருந்து விமானத்தில் சென்று இறங்கியபோது செப்டம்பர் பிறந்திருந்தது; ஆற்றோரப் புதர்கள் அதற்குள் பழுத்து மஞ்சளாகியிருந்தன.

குளிர்காலத்தைக் கழிக்கத் தெற்கே செல்லும் கரிபு மான்கள் ஆற்றைக் கடப்பதைக் காண வந்திருந்தேன். மூன்று நாள்கள் ஒன்றும் வரவில்லை. என்னைப் படகில் அழைத்துச் சென்ற முதியவர் இயந்திரத்தை நிறுத்திவிட்டுக் கரையைப் பார்த்தபடியே அமர்ந்திருப்பார். நான்காம் நாள் காலையில் வடகரைச் சரிவில் கொம்புகள் தெரிந்தன. (கரிபுவில் பெண் மானுக்கும் கொம்பு உண்டு.) நீர்விளிம்பில் தயங்கி நின்றவை, ஒன்றன்பின் ஒன்றாக இறங்கி, முதுகு நீருக்கு மேலே தெரிய நீந்தின. முதியவர் துப்பாக்கியைத் தொடவில்லை. முன்னே செல்பவை வழிகாட்டிகள் என்றும், அவற்றைக் கலைத்தால் பின்னால் வருபவை பாதை மாறிவிடும் என்றும் தாழ்ந்த குரலில் சொன்னார். அவை கரையேறி நடந்தபோது, கால்களின் தசைநாண்கள் எழுப்பும் 'டிக் டிக்' ஒலியைத் தவிர வேறு சத்தமே இல்லை.

இந்த மான்கள் பிறக்கும் இடம் எல்லைக்கு அப்பால், அலாஸ்காவின் ஆர்க்டிக் வனவிலங்குப் புகலிடத்தின் கடலோரச் சமவெளியில் இருக்கிறது. ஜூன் தொடக்கத்தில் அங்கே பருத்திப்புல்லின் இளங்குருத்து கிடைக்கும், கடற்காற்று கொசுக்களை விரட்டும், ஓநாய்களும் குறைவு. 'உயிர் தொடங்கும் புனித இடம்' என்ற பொருளில் குவிச்சின் மக்கள் அதற்குப் பெயரிட்டிருக்கிறார்கள். பட்டினிக் காலத்திலும் தம் முன்னோர் அங்கே கால் வைத்ததில்லை என்கிறார்கள். அந்தச் சமவெளியின் அடியில் எண்ணெய் இருக்கலாம் என்பதால்தான் 1988 இல் அவர்கள் அலாஸ்காவிலுள்ள ஆர்க்டிக் வில்லேஜ் என்ற குவிச்சின் சிற்றூரில் கூடி, அதைக் காக்க ஒரே குரலில் பேச முடிவெடுத்தார்கள். அப்படியிருந்தும் 2017 இல் அமெரிக்க நாடாளுமன்றம் அதைக் குத்தகைக்குத் திறந்துவிட்டது. அதே ஆண்டின் கணக்கெடுப்பில் இக்கூட்டத்தில் சுமார் 2,18,000 மான்கள் இருந்தன. 2001 இல் 1,23,000 தான். இப்படி ஏறி இறங்கும் எண்ணிக்கையை நம்பி வாழ்பவர்களைக் கேளாமல் அந்த நிலத்தில் முடிவெடுப்பது அநீதி என்றே நான் கருதுகிறேன்.

மறுநாள், தலைக்கூட்டம் கடந்த பிறகு, முதியவர் இரண்டு ஆண் மான்களை வீழ்த்தினார். ஊர் திரும்பியதும் வேட்டைக்குப் போக முடியாத மூதாட்டி ஒருவரின் வீட்டு வாசலில் முதலில் நின்று, ஒரு தொடையையும் நாக்கையும் கொடுத்துவிட்டு வந்தார்.